ஜீனியில் முதல் நிரல்: சிற்றூர் வட்டாரத் தமிழ் மாணவர்களுக்கு ஒரு வழிகாட்டி

கேரளத்தில் பாலக்காடு மாவட்டத்தின் கிழக்கு ஓரத்தில், சிற்றூர் வட்டத்தைச் சேர்ந்த கொழிஞ்சாம்பாறை, வண்ணாமடை, வேலந்தாவளம் பக்கத்துப் பிள்ளைகள் வீட்டில் தமிழும் கடைத்தெருவில் மலையாளமும் பேசி வளர்கிறார்கள். நிரல் எழுதக் கற்க வரும்போது மூன்றாவதாக ஆங்கிலமும் சேர்ந்துகொள்கிறது. விடுமுறை நாள்களில் எங்கள் ஊர் வாசகசாலையில் இவர்களுக்கு நான் பாடம் சொல்லி வருகிறேன். அங்கே ஒவ்வோர் ஆண்டும் திரும்பத் திரும்பச் சொல்ல நேர்கிறவற்றை ஒரே இடத்தில் எழுதி வைத்தால், பக்கத்தில் யாரும் இல்லாமல் தனியே கற்கிறவருக்கும் உதவும் என்பதால் இதை எழுதுகிறேன்.

நிரல் எழுதுவதற்கென்று உள்ள எடிட்டர்களில் நான் முதலில் கையில் கொடுப்பது ஜீனி. நான்கு ஜிபி நினைவகம் கொண்ட பழைய மேசைக் கணினியிலும் இது நொடியில் திறக்கும் என்பது ஒரு காரணம். அதைவிடப் பெரிய காரணம் ஒன்று உண்டு. கோப்பு எந்தக் குறியாக்கத்தில் (எழுத்துகளை எண்களாக மாற்றிச் சேமிக்கும் முறையில்) இருக்கிறது, வரியின் முன்னால் உள்ள இடைவெளி எதனால் ஆனது, ஓட்டு என்று சொன்னால் உண்மையில் எந்தக் கட்டளை ஓடுகிறது என்பதையெல்லாம் ஜீனி மறைப்பதில்லை. தமிழில் எழுத்துகளைக் கையாளப் போகிற ஒருவருக்கு இந்த மூன்றும் முதல் வாரத்திலேயே தேவைப்படும்.

ஜீனியை 2005இல் என்ரிக்கோ டிரேகர் என்ற ஜெர்மானிய நிரலாளர் தொடங்கினார். இன்று பலர் சேர்ந்து பராமரிக்கிறார்கள்; 2.0 பதிப்பு 2023 அக்டோபரில் வந்தது. லினக்ஸ், விண்டோஸ், மேக் மூன்றிலும் ஓடும். இதன் உரிமம் குனு பொதுமக்கள் உரிமம் என்பதால், பணம் கட்ட வேண்டியதில்லை என்பதோடு, பென் டிரைவில் நகலெடுத்து அடுத்த வீட்டுப் பிள்ளைக்குக் கொடுப்பதும் முழுக்கச் சட்டத்துக்கு உட்பட்டதே. இணைய இணைப்பு அடிக்கடி விட்டுப்போகும் தோட்டப் பகுதிகளில் இந்த உரிமைக்கு உள்ள மதிப்பை நேரில் பார்த்திருக்கிறேன். நம் தெற்கத்தித் தமிழில் சர்க்கரையைக் குறிக்கும் ஜீனியைப் போலவே இதன் பெயரையும் உச்சரிக்கலாம். சிறு பிள்ளைகளுக்குப் பெயர் மறக்காமல் இருக்க அதுவே போதும்.

நிறுவுதல்

கேரளப் பள்ளிக் கணினியில் படிக்கிறவர்கள் இந்தப் பகுதியைத் தாண்டிப் போகலாம். பள்ளிகளுக்காகக் கேரள அரசின் கைட் நிறுவனம் உபுண்டுவை அடிப்படையாகக் கொண்டு தயாரித்து வழங்கும் லினக்ஸில் ஜீனி ஏற்கெனவே இருக்கிறது. அப்ளிகேஷன்ஸ் பட்டியலில் புரோகிராமிங் என்ற பகுதிக்குள் பாருங்கள்.

வீட்டில் உபுண்டு வைத்திருப்பவர்கள் மென்பொருள் மையத்தில் ஜீனி என்று ஆங்கிலத்தில் தேடி நிறுவலாம். கூடவே கூடுதல் வசதிகள் தரும் ஜீனி பிளகின்ஸ் என்ற தொகுப்பையும் சேர்த்து நிறுவிக்கொள்ளுங்கள். விண்டோஸில் ஜீனியின் சொந்தத் தளத்துக்குப் போய், டவுன்லோட் பகுதியில் உள்ள விண்டோஸ் நிறுவியை இறக்குங்கள். தேடுபொறி காட்டும் வேறு தளங்களிலிருந்து இறக்க வேண்டாம்; தேவையற்ற வேறு மென்பொருளும் ஒட்டிக்கொண்டு வரலாம்.

விண்டோஸ்காரர்கள், நாம் நிரல் எழுதப்போகும் மொழியான பைத்தானையும் தனியே நிறுவ வேண்டும். அப்படி நிறுவும்போது முதல் திரையின் அடியில், பைத்தானைப் பாத்தில் (கட்டளைகளைக் கணினி தேடும் இடங்களின் பட்டியலில்) சேர்க்கவா என்று கேட்கும் சிறு கட்டம் ஒன்று இருக்கும். அதைத் தேர்வு செய்யாமல் நெக்ஸ்ட் அழுத்திக்கொண்டே போகிறவர்கள்தாம் பிறகு நிரல் ஓடவில்லை என்று வந்து நிற்கிறார்கள். அந்தக் கட்டத்தில் கட்டாயம் டிக் வையுங்கள்.

சன்னலைப் பார்த்துப் பழகுதல்

ஜீனியைத் திறந்தவுடன் தட்டத் தொடங்காமல், ஐந்து நிமிடம் சன்னலைப் பாருங்கள். நடுவில் எழுதும் இடம். இடப்பக்கம் சிம்பல்ஸ், டாக்குமெண்ட்ஸ் என்ற இரு தாவல்கள் கொண்ட பட்டை. கீழே ஸ்டேட்டஸ், கம்பைலர், மெசேஜஸ், ஸ்கிரிபிள் என்ற தாவல்கள். லினக்ஸில், கணினிக்குக் கட்டளைகளை எழுத்தில் தட்டும் இடமான டெர்மினல் என்ற தாவலும் இருக்கும். ஸ்கிரிபிள் என்பது குறிப்பு எழுதி வைக்கும் வெற்றுத்தாள். கணினி காட்டும் பிழைச்செய்திகளை அதில் ஒட்டி, பக்கத்திலேயே தமிழில் பொருள் எழுதி வைத்துக்கொள்ளும்படி நான் மாணவர்களிடம் சொல்வது உண்டு.

எல்லாவற்றுக்கும் அடியில் மெல்லிய ஒரு வரி ஓடுகிறது. புதியவர்கள் யாரும் அதைக் கவனிப்பதில்லை. ஆனால் இந்தச் சன்னலிலேயே அதிகம் பயன்படுகிற இடம் அதுதான். கர்சர் எந்த வரியில், எந்த இடத்தில் நிற்கிறது என்பது அங்கே தெரியும். வரியின் தொடக்க இடைவெளிக்கு டேப் பயன்படுகிறதா, ஸ்பேஸ் பயன்படுகிறதா என்பது தெரியும். கோப்பின் குறியாக்கம் யூடிஎஃப் 8 தானா, கோப்பு பைத்தான் வகையா, சி பிளஸ் பிளஸ் வகையா என்பதும் தெரியும். நீங்கள் எழுதியது இன்னும் சேமிக்கப்படவில்லை என்றால் அதற்கான குறிப்பும் அங்கே வரும். அதே நேரத்தில் மேலே தாவலில் உள்ள கோப்பின் பெயரும் சிவப்பாக மாறும். எதிலாவது சிக்கிக்கொண்டால் முதலில் இந்த வரியைப் படியுங்கள். பாதிச் சிக்கல் அங்கேயே அவிழ்ந்துவிடும்.

எழுத்து சிறியதாகத் தெரிந்தால், கண்ட்ரோல் விசையை அழுத்திக்கொண்டு கூட்டல் குறியைத் தட்டுங்கள். எழுத்துருவை மாற்ற வேண்டுமானால் வியூ பட்டியலில் சேஞ்ச் ஃபான்ட் இருக்கிறது. நிரலுக்கு எல்லா எழுத்தும் ஒரே அகலத்தில் வரும் மோனோஸ்பேஸ் எழுத்துருதான் ஏற்றது. அதை மாற்றாமல் விட்டுவிட்டு, கணினியில் நல்ல தமிழ் எழுத்துரு ஒன்றை நிறுவினால் போதும். ஆங்கில எழுத்துருவில் இல்லாத தமிழ் எழுத்துகளுக்கு அமைப்பு தானே தமிழ் எழுத்துருவைத் தேடி எடுத்துக்கொள்ளும். நோட்டோ சான்ஸ் தமிழ், லோகித் தமிழ் இரண்டும் நன்றாக இருக்கும். மீரா இனிமை என்ற தமிழ் எழுத்துருவும் உண்டு. அதை உருவாக்கி எல்லோருக்கும் இலவசமாகக் கொடுத்தவர்கள் சுவதந்திர மலையாளம் கம்ப்யூட்டிங் என்ற மலையாளக் கணிமைக் குழுவினர். எல்லையில் வாழும் நமக்கு அது தனி மகிழ்ச்சி.

தட்டச்சு முறை குறித்தும் ஒரு சொல். தமிழ்நாட்டுப் பிள்ளைகள் பெரும்பாலும் தமிழ் 99 அல்லது ஒலிபெயர்ப்பு முறையில் தட்டுவார்கள். கேரளப் பள்ளியில் மலையாளத்துக்கு இன்ஸ்கிரிப்ட் கற்றவர்கள் புதிதாக எதையும் கற்க வேண்டியதில்லை. இன்ஸ்கிரிப்ட் இந்திய மொழிகளுக்கெல்லாம் பொதுவாக வகுத்த விசையமைப்பு ஆதலால், மலையாளக் ககரம் எந்த விசையில் இருக்கிறதோ தமிழ்க் ககரமும் அதே விசையில்தான் இருக்கும். அமைப்புகளில் தமிழ் இன்ஸ்கிரிப்டைச் சேர்த்துக்கொண்டு, விண்டோஸ் விசையையும் ஸ்பேஸ் விசையையும் சேர்த்து அழுத்தினால் மொழி மாறும். விரல்களுக்கு ஏற்கெனவே வழி தெரியும்.

முதல் கோப்பு: ஒரு நாள் பால் கணக்கு

எங்கள் வட்டாரத்தில் மாடு இல்லாத தெரு குறைவு. காலையும் மாலையும் சொசைட்டிக்குப் பால் ஊற்றுகிற வீட்டுப் பிள்ளைக்குக் கணக்குப் பழக்கம் கைவந்தது. ஆகவே முதல் நிரலாக அதையே எடுத்துக்கொள்வோம்.

கண்ட்ரோலும் என் எழுத்தும் சேர்த்து அழுத்தினால் புதிய கோப்பு வரும். ஒரு வரிகூட எழுதுமுன் கண்ட்ரோலும் எஸ் எழுத்தும் அழுத்திச் சேமியுங்கள். கோப்பின் பெயருக்குப் பின் புள்ளி வைத்து, பைத்தானைக் குறிக்கும் பி, ஒய் என்ற இரண்டு எழுத்துகளை ஆங்கிலத்தில் சேர்க்க வேண்டும். முதலில் சேமிக்கச் சொல்வதற்குக் காரணம் உண்டு: அந்தப் பின்னொட்டைப் பார்த்துத்தான் இது பைத்தான் கோப்பு என்று ஜீனி தெரிந்துகொள்கிறது, அப்போதுதான் வண்ணங்களும் ஓட்டும் கட்டளையும் சரியாக அமையும். பெயருக்கு நடுவில் இடைவெளி விடாதீர்கள். பைத்தானிலேயே உள்ள நூலகத்தின் (ஆயத்தமாக எழுதி வைத்த நிரல் தொகுப்பின்) பெயரையும் வைக்காதீர்கள். குலுக்கல் நிரல் எழுதிய ஒரு மாணவர் அதற்கு ரேண்டம் என்றே பெயர் வைத்துவிட்டார். பைத்தான் தன் நூலகத்துக்குப் பதிலாக அவருடைய கோப்பையே திரும்பத் திரும்பத் திறந்து பிழை காட்டியது. ஒரு மாலைப் பொழுது முழுவதும் அதில் போயிற்று.

இனி இந்த நான்கு வரிகளைத் தட்டுங்கள்.

காலை = 6.5
மாலை = 5.25
விலை = 45
தொகை = (காலை + மாலை) * விலை

ஐந்தாவது வரியில் பிரிண்ட் என்பதை ஆங்கிலச் சிற்றெழுத்துகளில் தட்டி, அதை ஒட்டி அடைப்புக்குறிக்குள் தொகை என்று தமிழில் எழுதுங்கள். தமிழில் பெயர் வைக்கலாமா என்று வியக்க வேண்டாம். 2008இல் வெளிவந்த பைத்தான் 3 முதல், மாறிகளுக்கு, அதாவது காலை, விலை போல ஒரு மதிப்பை வைத்திருப்பவற்றுக்கு, தமிழ் உட்பட எந்த மொழி எழுத்திலும் பெயரிடலாம். வேலைக்குப் போகும் இடத்தில் ஆங்கிலப் பெயர்களே வழக்கம் என்பதால் பிறகு அதற்கும் பழக வேண்டியிருக்கும். ஆனால் மாறி என்றால் என்ன என்பதையே இப்போதுதான் கற்கும் ஒருவர், அதையும் அந்நியச் சொற்களையும் ஒரே நேரத்தில் சுமக்க வேண்டியதில்லை என்பது என் உறுதியான கருத்து.

இப்போது முதலில் எஃப் 8 விசை. அது நிரலை ஓட்டாது. விட்டுப்போன அடைப்புக்குறி போன்ற நிரல் இலக்கணப் பிழை இருக்கிறதா என்று மட்டும் பார்க்கும். பிழை இருந்தால் கீழே கம்பைலர் தாவலில் சிவப்பு வரி வரும். அதன் மேல் சொடுக்கினால் கர்சர் நேராகப் பிழை உள்ள வரிக்கே போய் நிற்கும். பிழை இல்லையென்றால் எஃப் 5 அழுத்துங்கள். தனியாக ஒரு டெர்மினல் திறந்து 528.75 என்று காட்டும். அதன் கீழே, நிரல் முடிந்துவிட்டது, தொடர என்டர் அழுத்துங்கள் என்ற பொருளில் ஆங்கிலத்தில் ஒரு செய்தி வரும். அங்கே சுழியம் என்ற எண்ணும் சேர்ந்து வந்தால் நிரல் குறையின்றி முடிந்தது என்று பொருள்.

எண் வராமல், பைத்தான் என்ற கட்டளையே இல்லை என்று டெர்மினல் சொல்லக்கூடும். உபுண்டுவில் அந்தக் கட்டளையின் பெயர் பைத்தான் 3 என்று இருப்பதே காரணம். பில்ட் பட்டியலில் செட் பில்ட் கமாண்ட்ஸ் என்பதைத் திறங்கள். அடிப்பகுதியில் எக்ஸிகியூட் என்ற வரிசையில் பைத்தான் என்று இருப்பதை, இடைவெளி விடாமல் 3 என்ற எண்ணைச் சேர்த்து மாற்றுங்கள்; மேலே கம்பைல் வரிசையிலும் அப்படியே செய்யுங்கள். அதே வரியில் மேற்கோளுக்குள் விழுக்காட்டுக் குறியும் எஃப் எழுத்தும் இருக்கும். இப்போது திறந்திருக்கும் கோப்பின் பெயரை இங்கே வைத்துக்கொள் என்பது அதன் பொருள்; அதைத் தொடாதீர்கள். ஓட்டும் பொத்தானுக்குப் பின்னால் இருப்பது நீங்களே டெர்மினலில் தட்டக்கூடிய ஒரு வரிக் கட்டளைதான் என்பதை இந்தச் சிறு சன்னல் அப்படியே திறந்து காட்டிவிடுகிறது.

அடிக்கடி வரும் மூன்று பிழைகள்

முதலாவது, மேற்கோள் குறி. வாட்ஸ்அப்பிலோ வேர்டு கோப்பிலோ வந்த நிரலை அப்படியே ஒட்டினால், நேராக நிற்க வேண்டிய மேற்கோள் குறிகள் வளைந்த குறிகளாக மாறியிருக்கும். செல்லாத எழுத்து என்று பைத்தான் சொல்லும். கண்ட்ரோலும் எச் எழுத்தும் அழுத்தி, வளைந்த குறியைத் தேடி நேர்குறியாக மாற்றிவிடுங்கள். திறக்கும் குறி, மூடும் குறி இரண்டையும் தனித்தனியே மாற்ற வேண்டும்.

இரண்டாவது, இடைவெளி. பைத்தானில் ஒரு நிபந்தனைக்குள் அடங்கும் வரிகள் சற்று உள்ளே தள்ளித் தொடங்க வேண்டும். அந்தத் தள்ளலில் சில வரிகளுக்கு டேப்பும் சில வரிகளுக்கு ஸ்பேஸும் கலந்துவிட்டால், கண்ணுக்கு ஒன்றாகத் தெரிந்தும் நிரல் ஓடாது. வியூ பட்டியலில் வெற்றிடங்களைக் காட்டும் வசதி இருக்கிறது. அதைத் தேர்ந்தால் ஸ்பேஸ் சிறு புள்ளியாகவும் டேப் அம்பாகவும் தெரியும். டாக்குமெண்ட் பட்டியலில் டேப்களை ஸ்பேஸாக மாற்றும் கட்டளையை ஒரு முறை அழுத்தினால் கலப்பு தீரும். இந்தப் பிழையை மனத்துக்குள் கற்பனை செய்து கண்டுபிடிக்கவே முடியாது. கண்ணால் பார்க்க வேண்டும்.

மூன்றாவது நம் பக்கத்துக்கே உரியது. மலையாளத்தில் ன், ர், ல் போன்றவற்றுக்குச் சில்லெழுத்துகள் என்ற தனி வடிவங்கள் உண்டு. 2008க்கு முன் அவற்றைக் கணினியில் எழுத, மெய்யோடு கண்ணுக்குத் தெரியாத இணைப்பான் ஒன்றைச் சேர்ப்பார்கள். எல்லா மொழி எழுத்துகளுக்கும் எண் வகுக்கும் பொதுத் தரமான யூனிகோடு, அந்த ஆண்டு வந்த அதன் 5.1 பதிப்பில் சில்லுகளுக்குத் தனி இடம் கொடுத்தது. ஆகவே பழைய கோப்பில் உள்ள மலையாளப் பெயரும் இன்று தட்டும் அதே பெயரும் திரையில் ஒன்றாகத் தோன்றும். ஆனால் கணினிக்கு அவை வெவ்வேறு. ஊர்ப் பட்டியல், வாக்காளர் பட்டியல் என்று இருமொழித் தரவுகளோடு வேலை செய்யும்போது தேடல் ஏன் பெயரைக் கண்டுபிடிக்கவில்லை என்று நீங்கள் திகைத்தால், முதலில் இதைச் சந்தேகப்படுங்கள்.

தமிழ் எழுத்தைக் கணினி எண்ணும் விதம்

ஒரு நாள் எட்டாம் வகுப்பு மாணவி ஒருத்தி, தமிழ் என்ற சொல்லின் நீளத்தைக் கேட்டு நிரல் எழுதிவிட்டு என்னைக் கூப்பிட்டாள். "மாஷே, மூணு எழுத்துதானே? இது அஞ்சுன்னு சொல்லுதே?"

அவள் எழுதியதில் தவறு இல்லை. கணினிக்கு தமிழ் என்பது த, ம, இகரக் குறி, ழ, புள்ளி என்ற ஐந்து குறியெழுத்துகள். யூடிஎஃப் 8 குறியாக்கத்தில் தமிழின் ஒவ்வொரு குறியெழுத்தும் மூன்று பைட் எடுத்துக்கொள்ளும் என்பதால், கோப்பில் அந்தச் சொல் 15 பைட் இடம் பிடிக்கும். சிற்றூர் என்ற சொல்லுக்கு நாம் எண்ணுவது நான்கு எழுத்து. கணினி எண்ணுவது எட்டு.

நாம் எண்ணுவது போலக் கணினியையும் எண்ண வைக்கலாம். பைத்தானோடு வரும் யூனிகோடு டேட்டா என்ற நூலகம், ஒவ்வொரு குறியெழுத்தும் எந்த வகை என்று சொல்லும். உயிர்க்குறிகளும் புள்ளியும் எம் என்ற எழுத்தில் தொடங்கும் வகைகளில் வரும். அவற்றை விட்டுவிட்டு மற்றதை எண்ணினால் தமிழ் மூன்றாகும், சிற்றூர் நான்காகும். க்ஷ, ஸ்ரீ போன்ற கூட்டெழுத்துகளுக்கு மட்டும் தனி விதி எழுத வேண்டும். இதையெல்லாம் முன்பே செய்து வைத்திருக்கும் ஓப்பன் தமிழ் என்ற கட்டற்ற நூலகமும் இருக்கிறது. முதலில் நீங்களே ஒரு முறை எழுதிப் பார்த்துவிட்டு, பிறகு அந்த நூலகத்தைப் பயன்படுத்துங்கள்.

இந்த எண்ணும் நிரல் வெறும் பயிற்சியன்று. கௌசல்யா என்ற பெயரைப் பலர் கெளசல்யா என்று, ஒற்றைக்கொம்போடு ளகரத்தைச் சேர்த்துத் தட்டிவிடுகிறார்கள். பல எழுத்துருக்களில் இரண்டுக்கும் வேறுபாடு தெரிவதே இல்லை. கண்ட்ரோலும் எஃப் எழுத்தும் அழுத்தித் தேடினால் ஒன்று கிடைக்கும்போது மற்றது கிடைக்காது. எழுத்தை எண்ணும் நிரலிடம் கொடுங்கள்: முதலாவதற்கு நான்கு, இரண்டாவதற்கு ஐந்து என்று சொல்லிவிடும். ஒரு பள்ளியின் முழுப் பெயர்ப் பட்டியலையும் இப்படிச் சரிபார்க்க முடியும்.

குறியாக்கம், டெர்மினல், சேமிப்பு

சில ஆண்டுகளுக்கு முன், ஓர் அச்சகத்தில் தட்டிக் கொடுத்த தமிழ்ப் பட்டியல் ஒன்றை வாங்கி வந்தேன். திறந்தவுடன் வரிசை வரிசையாகக் கேள்விக்குறிகள். யாரோ அதை யூடிஎஃப் 8 அல்லாத குறியாக்கத்தில் சேமித்திருந்தார்கள். தமிழுக்கு இடமில்லாத அந்தக் குறியாக்கத்தில் ஒவ்வோர் எழுத்தும் கேள்விக்குறியாகவே எழுதப்பட்டுவிட்டது. அதை மீட்க வழியே இல்லை. 200 பெயர்களையும் மீண்டும் தட்டினோம். கேள்விக்குறிக்குப் பதிலாகப் புரியாத ஐரோப்பிய எழுத்துகள் தெரிந்தால் மட்டும் நம்பிக்கை உண்டு: ஃபைல் பட்டியலில் ரீலோட் அஸ் என்பதில் யூடிஎஃப் 8 தேர்ந்து பாருங்கள். பாமினி போன்ற பழைய எழுத்துருவில் தட்டிய கோப்பாக இருந்தால் அது வேறு கதை. அதை யூனிகோடுக்கு மாற்றும் கருவியில் இட்டு மாற்றிய பிறகுதான் ஜீனிக்குக் கொண்டுவர வேண்டும்.

நிரல் தமிழில் எதையாவது அச்சிட்டால், டெர்மினலில் கொம்பும் காலும் இடம் மாறியோ வெறும் கட்டங்களாகவோ தெரியக்கூடும். உங்கள் நிரல் தவறு என்று நினைத்து அழித்துவிடாதீர்கள். எழுத்துகளைச் சேர்த்து வரையும் வேலையைப் பல டெர்மினல்கள் சரியாகச் செய்வதில்லை. விடையைத் திரையில் காட்டாமல் ஒரு கோப்பில் எழுதச் செய்து, அந்தக் கோப்பை ஜீனியில் திறந்து பாருங்கள். எழுத்துகள் ஒழுங்காக இருக்கும். கோப்பைத் திறக்கும் ஓப்பன் கட்டளையில், என்கோடிங் யூடிஎஃப் 8 என்று நீங்களே குறிப்பிட வேண்டும். லினக்ஸில் குறிப்பிடாமலும் பெரும்பாலும் நடக்கும். விண்டோஸிலோ பைத்தான் வேறொரு குறியாக்கத்தை எடுத்துக்கொண்டு, இந்த எழுத்தை எழுத முடியாது என்று நின்றுவிடலாம். ஆகவே எங்கே எழுதினாலும் குறிப்பிட்டுப் பழகுங்கள்.

இடவப்பாதி மழை தொடங்கிவிட்டால் எங்கள் ஊரில் மின்சாரம் எப்போது போகும் என்று சொல்ல முடியாது. டூல்ஸ் பட்டியலில் பிளகின் மேனேஜரைத் திறந்து, சேவ் ஆக்‌ஷன்ஸ் என்பதைத் தேர்ந்துகொள்ளுங்கள். குறித்த இடைவெளியில் தானே சேமிப்பது, சேமிக்கும்போதெல்லாம் வேறொரு கோப்புறையில் நகல் வைப்பது இரண்டையும் அது செய்யும். தானே சேமிக்கும் இடைவெளியை ஒரு நிமிடம் அளவுக்குக் குறைத்து வையுங்கள்.

பிளஸ் ஒன் மாணவர்களுக்கும், பிறகு வேறு எடிட்டர் தேடுகிறவர்களுக்கும்

பிளஸ் ஒன்னில் சி பிளஸ் பிளஸ் என்ற நிரல் மொழியைப் படிக்கிறவர்கள், அதை எழுத ஜீனியில் புதிதாகக் கற்க வேண்டியது குறைவு. உபுண்டுவில் அந்த மொழிக்கான கருவிகள் அடங்கிய பில்ட் எசென்ஷியல் என்ற தொகுப்பை நிறுவிக்கொள்ளுங்கள். எஃப் 9 அழுத்தினால் நிரல் ஓடத்தக்க கோப்பாக மாறும். எஃப் 5 அதை ஓட்டும். நிரலைத் திருத்திவிட்டு எஃப் 9ஐ மறந்து எஃப் 5 அழுத்தினால் பழைய நிரலே ஓடும். திருத்தியும் விடை மாறவில்லை என்று சொல்கிறவர்களில் பெரும்பாலோர் செய்யும் தவறு இதுதான்.

நிரல்கள் பல கோப்புகளாக விரிந்து, நிரலில் செய்யும் மாற்றங்களைப் பதிந்து வைக்கும் கிட் போன்ற கருவிகளோடு வேலை செய்யத் தொடங்கியதும், கொஞ்சம் பெரிய எடிட்டர் தேவைப்படலாம். அப்போது பலரும் போவது மைக்ரோசாஃப்ட் 2015இல் வெளியிட்ட விஎஸ் கோடு பக்கம். அதன் மூல நிரல் கட்டற்ற எம்ஐடி உரிமத்தில் இருந்தாலும், அந்த நிறுவனம் இறக்கிக்கொள்ளத் தரும் தொகுப்புக்கு வேறு உரிமம். தகவல் சேகரிப்பும் அதில் உண்டு. அந்த மூல நிரலிலிருந்தே தகவல் சேகரிப்பை அணைத்துத் தொகுத்து, கட்டற்ற உரிமத்தோடு தருவது விஎஸ் கோடியம். எனக்கு அதுவே உகந்தது. ஆனால் இரண்டுமே எலக்ட்ரான் என்ற அடித்தளத்தில் ஓடுவதால், பழைய கணினியில் நினைவகத்தை ஜீனியைவிடப் பன்மடங்கு கேட்கும்.

எடிட்டரைத் தேர்ந்தெடுக்கும்போது உரிமத்தைப் பார்க்கச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. கிட்ஹப் நிறுவனம் வளர்த்த ஆட்டம் என்ற எடிட்டரை உலகெங்கும் பலர் பயன்படுத்தினார்கள். 2022 டிசம்பர் 15 அன்று நிறுவனம் அதை நிறுத்திவிட்டது. மூல நிரல் கட்டற்றதாக இருந்ததால், பயனர்களே அதை எடுத்து பல்சர் என்ற பெயரில் தொடர்கிறார்கள். உரிமம் மூடியதாக இருந்திருந்தால் அவர்களுக்கு அந்த வழி இருந்திருக்காது.

ஜீனியில் ஒரு மாதம் பழகியவருக்கு நான் கொடுக்கும் பயிற்சி இது. வீட்டுப் பால் அட்டையில் உள்ள 30 நாள் கணக்கை, ஒரு நாளுக்கு ஒரு வரியாக, நாள், காலை அளவு, மாலை அளவு என்று காற்புள்ளியிட்டு ஒரு கோப்பில் தட்டுங்கள். அதைப் படித்து மாத மொத்தத்தைத் தமிழில் இன்னொரு கோப்பில் எழுதும் நிரலை உருவாக்குங்கள். விடையைச் சொசைட்டி கொடுத்த அட்டையோடு வைத்துப் பாருங்கள். வேறுபட்டால், நிரலைக் குறை சொல்லுமுன் தட்டிய 30 வரிகளை ஒருவர் வாய்விட்டுப் படிக்க, இன்னொருவர் அட்டையில் விரல் வைத்துச் சரிபாருங்கள்.